அந்தப் பதினான்கு சாக்கும் என்னுடையவை

என் பெயரும் தகப்பனார் பெயரும் கதவு எண்ணும் முதல் தாளில் எழுதியிருப்பது சரி. வயது நாற்பத்தெட்டு. டிப்பர் லாரி ஒன்றுக்கு உரிமையாளர், ஓட்டுநரும் நானே. திருமணம் ஆகவில்லை. தங்கை வீட்டின் பின்புறம் தனியாக உள்ள ஒற்றை அறையில் இருந்துவருகிறேன். லாரிக்காரர்களிடம் என் பெயரைச் சொல்லி விசாரித்தால் யாருக்கும் தெரியாது, ‘ரெண்டாம் கியர்’ என்று கேட்டால்தான் வழி காட்டுவார்கள். லோடு ஏற்றிவிட்டால் அதற்கு மேல் கியர் மாற்ற மாட்டேன் என்பதால் வந்த பெயர். இதையும் எழுத வேண்டுமா என்று எழுத்தர் கேட்டார். அடையாளத்துக்கு இருக்கட்டும் என்று சொன்னேன்.

இன்று வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு வக்கீல் இல்லாமல் நானாகவே இந்த நீதிமன்றத்துக்கு வந்தேன். நான் எதையும் ஒப்புக்கொள்ள வேண்டிய கட்டாயம் இல்லை என்றும், சொன்னால் அது எனக்கு எதிராகவே பயன்படும் என்றும் நீதிபதி அம்மா எடுத்துச் சொல்லி, யோசித்துக்கொள்ள இரண்டு மணி நேரம் கொடுத்து, பக்கத்து அறையில் உட்காரவைத்தார். அந்த அறையில் ஒரு பெஞ்சும், கால் ஒடிந்த நாற்காலிகளும், நூல் கட்டிய பழைய காகிதக் கட்டுகளும் இருந்தன. பதினோரு நாள் யோசித்துவிட்டு வந்தவனுக்கு இரண்டு மணி நேரம் பெரிய விஷயமில்லை. என்னை யாரும் அடிக்கவில்லை, மிரட்டவில்லை, ஆசை காட்டவில்லை. போய்ச் சொல் என்று வீட்டிலும் யாரும் அனுப்பவில்லை.

மணல் கடத்தியதாகக் கைதாகி இன்றோடு பன்னிரண்டு நாளாக உள்ளே இருப்பவர் என் தங்கையின் கணவர். லோடு ஆட்டோவில் வீடுகளுக்கும் கடைகளுக்கும் தண்ணீர் கேன் போடுவது அவர் தொழில். அவருடைய ஆட்டோவில் பிடிபட்ட பதினான்கு சாக்கு ஆற்று மணல் என்னுடையது. அள்ளியது நான், மூட்டை கட்டியது நான், ஏற்றியது நான். அவருக்கு இதில் எள்ளளவும் சம்பந்தமில்லை. அதை எதற்கு ஏற்றினேன் என்று சொல்ல வேண்டுமானால் என் லாரி பிடிபட்ட நாளிலிருந்து சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆற்று மணல் ஏற்ற வேண்டுமென்றால் அரசு மணல் கிடங்கில் நடைச்சீட்டு வாங்க வேண்டும். எந்த வண்டி, எத்தனை மணிக்கு ஏற்றியது, எத்தனை மணிக்குள் எங்கே இறக்க வேண்டும் என்று அதில் இருக்கும். ஒரு சீட்டுக்கு ஒரு நடைதான். இறக்கும் இடம் பக்கத்தில் இருந்துவிட்டால் சீட்டில் நேரம் மிஞ்சும். அந்த நேரத்தில் அதே சீட்டைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, கிடங்குக்குப் போகாமல் நேராக ஆற்றங்கரைக்குப் போய் இன்னொரு நடை அடிப்பது எங்களிடம் உள்ள பழக்கம். அதை நாங்கள் திருட்டு என்று சொல்வதில்லை. ‘மிச்ச நேரம்’ என்று சொல்லிக்கொள்வோம்.

ஏழு மாதங்களுக்கு முன்பு ஒரு புதன்கிழமை, பகல் ஒரு மணி வரைக்குமான சீட்டு என்னிடம் இருந்தது. பத்தரை மணிக்கெல்லாம் ஒரு கடை கட்டுமிடத்தில் லோடை இறக்கிவிட்டேன். அதன் பிறகு ஆற்றங்கரைக்குப் போய் இரண்டாவது லோடு ஏற்றினேன். கூடை சுமக்கிறவர்கள் அன்று பாதிப்பேர்தான் வந்திருந்ததால் ஏற்றி முடிக்கத் தாமதமாகி, பாலம் ஏறும்போது மணி ஒன்று இருபது. பாலத்தின் அந்தப் பக்கம் அதிகாரிகளும் போலீசாரும் ஜீப்பைக் குறுக்கே போட்டு நின்றிருந்தார்கள். சீட்டில் நேரம் முடிந்து இருபது நிமிடம் ஆகிவிட்டதே என்று கேட்டதற்கு, வாயில் வந்தது பஞ்சர் என்ற வார்த்தை.

அந்த ஒரு வார்த்தையின் மேல்தான் ஏழு மாதமாக என் வழக்கு நின்றுகொண்டிருக்கிறது. முறையாக ஏற்றிய முதல் நடையே பஞ்சரால் தாமதப்பட்டது என்று மனுப் போட்டேன். பஞ்சர் கடை ரசீது ஒன்றையும் தாக்கல் செய்தேன். அந்த ரசீதில் உள்ள கையெழுத்து என்னுடையது. கடைக்காரருக்கு எழுதப் படிக்கத் தெரியாது, புத்தகத்தில் ஒரு தாள் கேட்டேன், கிழித்துக் கொடுத்தார், அவரைத் தொந்தரவு செய்ய வேண்டாம். அன்று என் லாரியில் எந்தச் சக்கரமும் பஞ்சர் ஆகவில்லை. வெறும் தாமதம் என்றால் அபராதத்தோடு போய்விடும், இரண்டாம் நடை என்று வெளியே வந்தால் வண்டி அரசுடைமையாகி ஏலத்துக்குப் போகும் என்று வக்கீல் என்னிடம் சொல்லியிருந்தார்.

அதன் பிறகு லாரி காவல் நிலையத்தின் பின்புறம் உள்ள காலியிடத்தில் மணலோடு நிறுத்தப்பட்டது. பறிமுதல் விவரம் எழுதும் மகஜரில் ‘ஆற்று மணல் மூன்று யூனிட்’ என்று எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கினார்கள். மணலும் வழக்குச் சொத்து என்பதால் அதை இறக்கக் கூடாது என்றார்கள். லோடோடு மாதக்கணக்கில் நின்றால் வண்டி இடுப்பு ஒடிந்துவிடும், என்ஜினை அவ்வப்போது ஓடவிடாவிட்டால் பேட்டரி செத்துவிடும் என்று நிலைய ரைட்டரிடம் கெஞ்சியதில், அவர் இரக்கப்பட்டு வியாழக்கிழமைதோறும் வந்து ஸ்டார்ட் செய்துவிட்டுப் போக விட்டார். ஒரு சாவி அவரிடம், மற்றொன்று என்னிடம். ஒரு வியாழன்கூடத் தவறாமல் போய்வந்தேன். மழை முடிந்தபோது மணல் மேல் ஒரு தக்காளிச் செடி முளைத்திருந்தது, யாரோ சாப்பாட்டு டப்பாவைக் கழுவி ஊற்றியதில் வந்தது. பிடுங்கலாமா என்று ரைட்டரிடம் கேட்டேன். அது மகஜரில் இல்லை, இருந்துவிட்டுப் போகட்டும் என்றார்.

போன மாதக் கடைசியில், விசாரணை முடியும்வரை லாரியை என்னிடம் ஒப்படைக்கலாம் என்றும், அதற்கு முன் ஒரு பொறியாளர் வந்து வண்டியையும் மணலையும் அளந்து மகஜரோடு ஒத்துப்பார்க்க வேண்டும் என்றும் உத்தரவானது. அளப்பதற்கு அடுத்த வாரம் வியாழக்கிழமை என்று தேதி கொடுத்தார்கள். சந்தோஷத்தில் அன்றே போய் லாரி மேல் ஏறிப் பார்த்தேன். வியாழக்கிழமைகளில் என்ஜினைப் பார்த்தேனே தவிர மணலின் அளவைப் பார்த்ததில்லை. தொட்டியின் உள்பக்கத் தகட்டில் மணல் முன்பு எதுவரை இருந்தது என்பதற்குத் துருக்கோடு ஒன்று இருந்தது. மணல் அந்தக் கோட்டுக்கு ஒரு சாணுக்கும் கீழே கிடந்தது. ஒரு குச்சியைச் செருகி அளந்து கணக்குப் பார்த்ததில் நாற்பது சாக்குக்குக் குறையாமல் காணவில்லை.

மழையில் பின்கதவு இடுக்கு வழியாகக் கொஞ்சம் ஓடியிருக்கும். மற்றது எங்கே போனது என்று நான் யார் மேலும் சொல்ல மாட்டேன். நிலையத்தின் பின்னால் புதிதாக ஒரு கழிப்பறைச் சுவர் பூசியிருந்தார்கள், என் மணல் குறைந்திருந்தது, இரண்டையும் ஒரே நாளில் பார்த்தேன், அவ்வளவுதான். ரைட்டரிடம் சொன்னபோது அவர் குரலைத் தாழ்த்தி, “சாவி வெச்சிருக்கறது நீ, வாரா வாரம் மேல ஏறி எறங்குறதும் நீ. கொறைஞ்சா யாரு வித்தான்னு எழுதுவாங்க? யோசிச்சுக்க” என்றார். அவர் கெட்டவர் இல்லை. அவர் பயம் அவருக்கு.

அன்றே வக்கீலிடம் போய்ச் சொல்லியிருந்தால் ஒரு மனுவோடு இந்த விஷயம் முடிந்திருக்கும். எனக்கு அது தோன்றவில்லை. லோடு குறைந்தால் லோடு போடு என்பதற்கு மேல் லாரிக்காரன் புத்தி போகவில்லை. சீட்டுப் போட்டு வாங்கலாம் என்றால் கட்டட வரைபடம் கேட்பார்கள், போலீஸ் ஸ்டேஷனில் நிற்கிற லாரிக்கு வேண்டும் என்று எந்தக் கிடங்கில் போய்ச் சொல்வது. ஆகவே ஆற்றிலிருந்து நானே அள்ளிவந்து குறைந்ததை நிரப்பிவிடுவது என்று முடிவு செய்தேன். இப்போது சொல்லிப் பார்த்தால் எனக்கே சிரிப்பு வருகிறது. அப்போது வேர்த்துக் கொட்டியது.

மாப்பிள்ளையின் லோடு ஆட்டோ அந்தக் காவல் நிலையத்துக்கும் தண்ணீர் கேன் போடுவதால், அது உள்ளே போனால் யாரும் தலைநிமிர்ந்து பார்க்க மாட்டார்கள். ஒரு சின்ன நடை இருக்கிறது என்று சொல்லி வியாழக்கிழமையும் சனிக்கிழமையும் அவரிடம் ஆட்டோவை வாங்கிக்கொண்டேன். அவர் ஏன் எதற்கு என்று கேட்கிற ஆள் இல்லை. என் தங்கையைக் கட்டிக்கொண்ட பன்னிரண்டு வருடத்தில் என்னிடம் அவர் தினமும் கேட்ட கேள்வி, சாப்பிட்டாயிற்றா என்பது மட்டும்தான். நடைக்குப் பதினான்கு சாக்கு வீதம் இரண்டு நடை, முன்னால் காலிக் கேன்களை அடுக்கி, சாப்பாட்டு நேரத்தில் உள்ளே கொண்டுபோய், லாரித் தொட்டியில் கொட்டிப் பரப்பினேன். தக்காளிச் செடி மூடிக்கொள்ளாமல் சுற்றிக் கொட்டினேன். யாரும் பார்க்கவில்லை.

மூன்றாவது நடைக்குத் திங்கட்கிழமை நாள் வைத்திருந்தேன். அன்று நிலையத்துக்கு நிஜமாகவே தண்ணீர் போடும் முறை என்பதால் ஆட்டோவை மாப்பிள்ளைதான் ஓட்டிப்போக வேண்டும். நான் காலையில் ஆட்டோவை வாங்கிப்போய்ச் சாக்குகளை ஏற்றி, மேலே தார்ப்பாயை விரித்து, அதன் மேல் தண்ணீர் கேன்களை அடுக்கிக் கொண்டுவந்து கொடுத்தேன். அடியில் இருப்பது லாரியில் போட வேண்டிய சாமான், பின்பக்கம் லாரிக்குப் பக்கத்தில் நிறுத்தினால் நான் இறக்கிக்கொள்கிறேன் என்று சொன்னேன். சரி மச்சான் என்றார். தார்ப்பாயைத் தூக்கிப் பார்க்கவில்லை. அதன் பிறகு நான் மண்வெட்டியோடு முன்னால் போய் லாரிக்குப் பின்னால் காத்திருந்தேன்.

ஒன்றே முக்கால் மணிக்கு ஆட்டோ உள்ளே வந்தது. அன்றுதான் புதிதாகப் பொறுப்பேற்ற சப் இன்ஸ்பெக்டர், சாப்பிட்டுக் கை கழுவப் பின்பக்கக் குழாய்க்கு வந்தார். ஆட்டோவின் அடியிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்து, கேன் ஒழுகுகிறதா என்று கேட்டுக்கொண்டே கிட்டே வந்தார். கேன்கள் எல்லாம் மூடி போட்டு உலர்ந்திருந்தன. ஆற்றிலிருந்து அன்று அள்ளிய மணல் அன்று முழுக்கச் சொட்டும், அது எனக்குத் தெரியாததில்லை, அவசரத்தில் வடியவிடாமல் கட்டிவிட்டேன். அவர் தார்ப்பாயைத் தூக்கினார். தூக்கிவிட்டுச் சிரித்தார். “என்னய்யா, மணல் கடத்தி ஸ்டேஷனுக்கே டெலிவரி பண்றியா?” என்றார். உள்ளேயிருந்து இரண்டு மூன்று பேர் எட்டிப் பார்த்தார்கள்.

மாப்பிள்ளைக்கே அந்த நிமிடம்தான் தெரியும், அடியில் இருப்பது மணல் என்று. நான் லாரியின் பின்சக்கரத்துக்கு அந்தப் பக்கம் குந்தியிருந்தேன். லாரிக்கு அடியில் என் கால்கள் அவர் கண்ணில் பட்டிருக்க வேண்டும். ஒரு தடவை அங்கே பார்த்தார், உடனே பார்வையைத் திருப்பிக்கொண்டு, “என் மணல்தான் சார். வீட்டுச் சுவர் பூசறதுக்கு. கேனை எறக்கிட்டு அப்படியே வீட்டுக்குக் கொண்டுபோலாம்னு ஏத்திட்டேன்” என்றார். அவருக்குப் பொய் சொல்லி வழக்கமில்லை. கூட வேறு யாராவது உண்டா என்று சப் இன்ஸ்பெக்டர் கேட்டார். “யாருமில்ல சார், நான் மட்டும்தான்” என்றார்.

எழுந்து நான்கு அடி வைத்திருந்தால் போதும். நான் எழுந்திருக்கவில்லை. டயரின் மேல் கையை வைத்துக்கொண்டு அப்படியே இருந்தேன். நான் எழுந்தால் எதற்கு நிரப்பினாய் என்று கேட்பார்கள், அதிலிருந்து பழைய வழக்கைத் தோண்டுவார்கள், பஞ்சர் பொய் என்று தெரியும், லாரி போய்விடும். அந்தக் கொஞ்ச நேரத்தில் என் மூளை இவ்வளவையும் கோர்வையாக நினைத்தது. அவரை உள்ளே அழைத்துப்போன பிறகு வேலியில் பெயர்ந்திருந்த மூலை வழியாக வெளியே வந்துவிட்டேன். மண்வெட்டியை அங்கேயே போட்டுவிட்டேன். அது இன்னும் அங்கே இருக்கும், பிடியில் சைக்கிள் டியூப் சுற்றியிருக்கும்.

அதன் பிறகு மாப்பிள்ளையை ரிமாண்ட் செய்தார்கள். ஆட்டோவை என் லாரிக்குப் பக்கத்திலேயே நிறுத்தினார்கள். வக்கீலிடம் மட்டும் உண்மையைச் சொன்னேன். அவர் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். நீ வாயைத் திறந்தால் இரண்டு வண்டியும் போகும், நீயும் உள்ளே போவாய், அவரை நான் மெதுவாக ஜாமீனில் எடுக்கிறேன், அளவு முடியட்டும் என்றார். எனக்கு அது வசதியாக இருந்தது. வசதியாக இருந்ததால்தான் கேட்டேன், வக்கீல் சொன்னார் என்பதற்காக இல்லை. பொறியாளர் விடுப்பில் போனதால் அளவும் ஒரு வாரம் தள்ளிப்போனது.

மாப்பிள்ளையின் தாயார் இடுப்பெலும்பு முறிந்து இரண்டு வருடமாகப் படுக்கையில் இருந்தார். அவரைத் தூக்கி உட்காரவைப்பது, புரட்டிப் படுக்கவைப்பது, முதுகு துடைப்பது எல்லாம் மாப்பிள்ளைதான். நடைக்கு நடுவில் ஆட்டோவை வாசலில் நிறுத்திவிட்டு வந்து புரட்டிவிட்டுப் போவார். தங்கை ஒருத்தியால் தூக்க முடியாது. ஆகவே அந்த நாட்களில் நான் போய்த் தூக்கினேன். மகன் எங்கே என்று அந்த அம்மா கேட்கும்போதெல்லாம் வெளியூர் லோடு என்று சொல்லிவைத்தோம். இவ்வளவு நாளா, தண்ணி கேனை எந்த ஊருக்குக் கொண்டுபோறான் என்று கேட்டார். தங்கை அடுப்படிக்குள் போய்விட்டாள். மூன்றாம் நாளிலிருந்து அவர் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டார். முதுகில் புண் கண்டது. நான் புரட்டும்போது வலிக்கிறது, மகன் கைக்கு வலிக்காது என்று அந்த அம்மாவே சொன்னார்.

ஒன்பதாம் நாள் செவ்வாய்க்கிழமை பிற்பகல் மூன்று மணியளவில் அந்த அம்மா காலமானார். மறுநாள் காலை இரண்டு போலீசார் காவலில் மாப்பிள்ளையை இரண்டு மணி நேரத்துக்குக் கொண்டுவந்தார்கள். வாசலில் விலங்கைக் கழற்றினார்கள். அவர் தாயாரின் கால்மாட்டில் உட்கார்ந்து, போர்வைக்கு மேலே பாதத்தைப் பிடித்துக்கொண்டார். சத்தம் போட்டு அழவில்லை. முகம் கழுவத் தண்ணீர்த் தொட்டிக்கு வந்தபோது நான் பக்கத்தில் துண்டோடு நின்றேன். என் மேல் பாய்வார், சட்டையைப் பிடிப்பார் என்று எதிர்பார்த்தேன், பிடித்திருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். அவர் துண்டை வாங்கித் துடைத்துக்கொண்டு கேட்டது இதுதான்.

“லாரி எப்ப வெளிய வருது மச்சான்?”

“நாளைக்கு அளக்குறாங்க.”

“அளவு சரியா வந்துருமா?”

“வந்துரும் மாப்ள.”

“அப்ப சரி” என்றார்.

அந்த இரண்டு போலீசாரும் கைக்கெட்டும் தூரத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். மணல் என்னுடையது என்று நான் சொல்ல வேண்டியது ஒரே ஒரு வாக்கியம். நான் அவர்களுக்கு டீ வாங்கி வந்து கொடுத்தேன். ஒருவருக்குச் சர்க்கரை இல்லாமல். இரண்டு மணி நேரம் முடிந்ததும் அவரே எழுந்துபோய் விலங்குக்குக் கையை நீட்டினார்.

நேற்று வியாழக்கிழமை காலை பொறியாளர் வந்தார். குறைந்த மணலில் கடைசிப் பதினான்கு சாக்கு நிரப்பப்படாமல் இருந்ததால் நான் பின்கதவை ஒட்டியே நின்றுகொண்டேன். ரைட்டர் ஏணியை எடுத்துவந்து லாரியில் சாய்த்து வைத்தார். பொறியாளர் ஏணியைப் பார்த்தார், வெயிலைப் பார்த்தார், வண்டியைச் சுற்றி ஒரு நடை வந்தார். சக்கரத்தை ஷூவால் தட்டினார். மகஜரில் எவ்வளவு போட்டிருக்கிறது என்று ரைட்டரிடம் கேட்டார். மூன்று யூனிட் என்றார் ரைட்டர். மகஜரில் கண்டபடி உள்ளது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, ஜீப்பில் ஏறிப் போய்விட்டார். ஏணியில் அவர் ஒரு படிகூட ஏறவில்லை.

ஆக, ஒரு பிடி மணல்கூட நான் போட்டிருக்கத் தேவையில்லை. அந்த லாரி பாதிக்குப் பாதி காலியாக இருந்திருந்தாலும் மூன்று யூனிட் என்றுதான் எழுதியிருப்பார்கள். ரைட்டர் என் முதுகில் தட்டி, கண்டம் தப்பியது, நாளைக்கு வண்டியை எடுத்துக்கொள் என்றார். நான் ஏணியை எடுத்து உள்ளே வைத்துவிட்டு, பக்கத்தில் நின்ற ஆட்டோவின் மேல் கொஞ்ச நேரம் சாய்ந்து நின்றேன். அழுதேன் என்றே எழுதிக்கொள்ளலாம்.

அதன் பிறகு தங்கை வீட்டுக்குப் போய், லாரி வருகிறது, ஓட்ட ஆரம்பித்துவிட்டால் பெரிய வக்கீலாக வைத்து மாப்பிள்ளையை எடுத்துவிடலாம் என்று சொன்னேன். மாமியாருடைய கட்டில் விரிப்பைத் துவைத்து மடித்துக்கொண்டிருந்தவள், மடிப்பதை நிறுத்தவில்லை. “அந்த மணல் உன்னுதுன்னு எனக்கு மொதல்லயே தெரியும்ண்ணே” என்றாள். ஜெயிலில் மனுப் போட்டு அவள் பார்க்கப் போனபோது மாப்பிள்ளையே அவளிடம் சொல்லி, யாரிடமும் மூச்சுவிடக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறார். அவர் சொன்னதை அவள் என்னிடம் அப்படியே சொன்னாள். “‘மச்சானுக்கு லாரிதான் கை கால். அது போச்சுன்னா மனுஷன் மூலைல உக்காந்துருவாரு. எனக்கென்ன, ஆட்டோ போனா சைக்கிள்ல கேன் போடுவேன்’னாரு. அவர் பொய் சொன்னது எனக்குப் புரியுது. நீ எப்படிண்ணே சும்மா இருந்த?”

அவள் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. எனக்குச் சாப்பாடு எடுத்து மூடி வைத்திருப்பதாகச் சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். அதுதான் அவள் என்னிடம் கடைசியாகப் பேசியது. நான் சாப்பிடவில்லை. காலையில் குளித்துவிட்டு நேராக இங்கே வந்துவிட்டேன்.

ஆகவே, லாரி பிடிபட்ட அன்று அதில் இருந்தது சீட்டில்லாத இரண்டாம் நடை மணல், பஞ்சர் ரசீது பொய், லாரியில் குறைந்ததை நிரப்ப மூன்று தடவை ஆற்றில் மணல் அள்ளியவன் நான், ஆட்டோவில் பிடிபட்ட பதினான்கு சாக்கும் என்னுடையவை, மாப்பிள்ளை அறியாமல் ஓட்டிவந்தார், அறிந்த பிறகு என்னைக் காப்பாற்றப் பொய் சொன்னார். இப்படிச் சொன்னால் லாரி எனக்குத் திரும்பாது, என் மேல் இரண்டு வழக்கும் வரும், அது தெரிகிறதா என்று நீதிபதி அம்மா கேட்டார். தெரிகிறது என்றேன். லாரிச் சாவியையும் ஆர்.சி. புத்தகத்தையும் மேசையில் வைத்தேன். ஆட்டோவை மட்டும் அவரிடம் திருப்பிக் கொடுத்துவிடுங்கள், அவர் சைக்கிளில் கேன் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன்.

வேறு ஏதாவது சொல்ல வேண்டுமா என்று நீதிபதி அம்மா கேட்டார். ஒன்று இருக்கிறது, அதற்கும் மணலுக்கும் சம்பந்தமில்லை என்றேன். சொல்லச் சொன்னார்.

அந்த அம்மா காலமான பிற்பகல் தங்கை மருந்துக் கடைக்குப் போயிருந்தாள், அறையில் நான் மட்டும் இருந்தேன். புரட்டிப் படுக்கவைக்கலாம் என்று தோளுக்கு அடியில் கையைக் கொடுத்தபோது, அவர் கண்ணைத் திறக்காமலே என் கையைப் பிடித்துக்கொண்டு, “வந்துட்டியாடா?” என்று கேட்டார். நான் இல்லை என்று சொல்லியிருக்க வேண்டும். “வந்துட்டேம்மா” என்று சொன்னேன். கையைத் தடவிப் பார்த்து, “ஏண்டா கை இப்படிக் காய்ச்சுக் கெடக்கு?” என்றார். “கேன் தூக்குறேன்லம்மா” என்று சொன்னேன். “இனிமே எங்கயும் போகாதே” என்றார். போகவில்லை என்று சொன்னேன். அதன் பிறகு அவர் பேசவில்லை, கையையும் விடவில்லை, தங்கை வந்துதான் விரல்களைப் பிரித்துவிட்டாள்.

இதை மாப்பிள்ளையிடமும் தங்கையிடமும் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இந்த வாக்குமூலத்தின் நகல் அவருக்குக் கொடுக்கப்படும் என்று எழுத்தர் சொன்னதால் இதிலாவது இருக்கட்டும் என்று கேட்டேன். இது எந்தச் சட்டப் பிரிவிலும் வராது, வழக்குக்குத் தேவையில்லை என்று எழுத்தர் சொன்னார். எழுதிக்கொள்ளுங்கள் என்று நீதிபதி அம்மா சொன்னார்.

நான் சொல்லச் சொல்ல எழுதியதை முழுவதும் எனக்கு வாசித்துக் காட்டினார்கள். சேர்க்கவும் நீக்கவும் எனக்கு ஒன்றுமில்லை, நடந்தது இதுதான் என்று ஒப்புக்கொண்டு தாளுக்கு ஒன்றாக ஏழு இடங்களில் கையெழுத்துப் போட்டிருக்கிறேன்.

(ஒப்பம்)